16 பைட் சாவி

ரயிலில் சிக்னல் விட்டுப்போகும் இடத்தில் பார்க்கலாமென்று ஓடிடி செயலியில் ஒரு படத்தை டவுன்லோட் செய்து வைக்கிறோம். திறந்தால், காலக்கெடு முடிந்துவிட்டது என்று ஓர் அறிவிப்பு. படம் கைபேசியிலிருந்து அழிக்கப்பட்டுவிட்டது என்றே பலரும் நினைப்பார்கள். ஆனால் பெரும்பாலும் கோப்பு அந்த நேரத்தில் அங்கேயேதான் இருக்கிறது. 1 ஜிபி இறங்கியிருந்தால் அந்த 1 ஜிபியும் ஒரு பிட் மாறாமல் இருக்கிறது. செல்லாமல் போனது 16 பைட் மட்டும். 'சாவிகள்' என்ற ஒற்றைச் சொல்லை யூனிகோடின் யூடிஎஃப்-8 முறையில் சேமிக்கவே 21 பைட் வேண்டும். அதைவிடச் சிறிய ஓர் எண் செல்லாததால் இரண்டரை மணி நேரப் படம் பொருளற்ற இரைச்சலாகிவிட்டது.

அந்த எண் எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்துகொண்டால், காசு கொடுத்து 'வாங்கிய' ஒன்று ஏன் நம்முடையதாக இல்லை என்பதும், ஒரு படைப்பு ஒரே நாளில் உலகம் முழுவதும் காணாமல் போவது எப்படி என்பதும் விளங்கும்.

முழு எச்டி படத்தின் ஒரு ஃபிரேமில் 1920-க்கு 1080 என்ற கணக்கில் சுமார் 20 லட்சம் புள்ளிகள். ஒரு புள்ளியின் நிறத்துக்கு 3 பைட். நொடிக்கு 24 ஃபிரேம். இதை அப்படியே வைத்தால் இரண்டு மணி நேரப் படம் 1 டெராபைட்டைத் தாண்டும். எச்.264, ஏவி1 போன்ற கோடெக்குகள் அதைச் சில ஜிபிக்குச் சுருக்குகின்றன. சுருக்கிய படத்தை நிறுவனம் சில நொடி நீளத் துண்டுகளாக நறுக்கி, ஒவ்வொரு துண்டையும் பல தரங்களில் செய்து வைக்கிறது. இணைய வேகம் குறையும்போது படம் மங்கிப் பிறகு தெளிவது, செயலி தரம் குறைந்த துண்டுக்கு இறங்கி மீண்டும் ஏறுவதால்தான்.

அடுத்து பூட்டு. ஒவ்வொரு துண்டும் ஏஇஎஸ் என்ற முறையில் மறையாக்கம் செய்யப்படுகிறது. பெல்ஜியத்தைச் சேர்ந்த யோவான் டேமன், வின்சென்ட் ரைமன் இருவரும் வடிவமைத்து, 2001-இல் அமெரிக்க அரசு தரநிலையாக ஏற்ற முறை அது. வங்கிப் பரிமாற்றங்களையும் இதே முறைதான் காக்கிறது. ஓடிடியில் வழக்கமாகப் பயன்படும் சாவியின் நீளம் 128 பிட், அதாவது 16 பைட். படத்துக்கும் ஒலிக்கும் வெவ்வேறு சாவிகள் இருக்கலாம், நீளம் ஒன்றுதான். இருக்கக்கூடிய சாவிகளின் எண்ணிக்கை 34 எழுதி அதன் பின்னால் 37 பூஜ்யம் போட்டால் வருவது. நொடிக்கு ஒரு கோடி கோடி சாவிகளைச் சோதிக்கும் இயந்திரம் இருந்தாலும், எல்லாவற்றையும் சோதித்து முடிக்கப் பிரபஞ்சத்தின் வயதைப் போலப் பல லட்சம் மடங்கு காலம் ஆகும். சாவி இல்லாதவருக்கு அந்தக் கோப்பில் படமே இல்லை என்று சொன்னால் மிகையாகாது.

பிளே பொத்தானை அழுத்தியதும், செயலி கோப்பின் தலைப்பகுதியில் உள்ள சாவியின் அடையாள எண்ணைப் படித்து, உரிமம் வழங்கும் சர்வருக்கு விண்ணப்பம் அனுப்புகிறது. கூடவே கருவியின் அடையாளச் சான்றும் போகிறது. சந்தா இருக்கிறதா, இந்த நாட்டில் இந்தப் படத்தைக் காட்டும் உரிமை நிறுவனத்துக்கு உண்டா என்றெல்லாம் சரிபார்த்த பிறகு சர்வர் சாவியை அனுப்புகிறது. அந்தச் சாவியும் உங்கள் கருவி மட்டும் திறக்கும்படி இன்னொரு முறை பூட்டப்பட்டிருக்கும். அதனுடன் நிபந்தனைகளும் வரும். எத்தனை நாள் செல்லும், பார்க்கத் தொடங்கிய பிறகு எத்தனை மணி நேரம், எந்தத் தரத்தில், எந்த வகைத் திரைக்கு என்பதெல்லாம் அதில் அடங்கும். சில படங்களுக்கு இந்த அவகாசம் தொடங்கியதிலிருந்து 48 மணி நேரம்தான்.

இந்த ஏற்பாட்டின் பொதுப்பெயர் டிஆர்எம். கூகுளின் வைட்வைன், ஆப்பிளின் ஃபேர்பிளே, மைக்ரோசாஃப்டின் பிளேரெடி ஆகிய மூன்றும்தான் இன்று பெரும்பான்மை. நல்ல கைபேசிகளில் சாவியைத் திறக்கும் வேலை சிப்பின் தனிப் பாதுகாப்புப் பகுதிக்குள் நடக்கிறது. கைபேசியின் இயங்குதளமே அங்கே எட்டிப்பார்க்க முடியாது. ஓடிடி படத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்தால் கறுப்புச் சதுரம் கிடைப்பதற்கு இதுவும் ஒரு காரணம். நாம் விலை கொடுத்து வாங்கிய கருவியின் ஒரு பகுதி நம் பேச்சைக் கேட்காமல், எங்கோ இருக்கும் சர்வரின் பேச்சைக் கேட்கிறது. பொறியியலாக இது வியக்கத்தக்க சாதனை. இதை நுகர்வோர் முழுதாகத் தெரிந்துகொண்டு ஏற்றார்களா என்றால், இல்லை என்றே சொல்வேன்.

சந்தா கட்டிப் பார்ப்பதில் பெரிய குறை சொல்வதற்கில்லை. மாதக் கட்டணம் கட்டுகிறோம், கட்டும்வரை பார்க்கிறோம். சிக்கல், 'வாங்கு' என்று எழுதிய பொத்தானில் இருக்கிறது. 2023 டிசம்பரில் சோனி தன் பிளேஸ்டேஷன் வாடிக்கையாளர்களுக்கு ஓர் அறிவிப்பு வெளியிட்டது. டிஸ்கவரி நிறுவனத்துடனான உரிம ஒப்பந்தம் காரணமாக, முன்பே காசு கொடுத்து வாங்கியிருந்த டிஸ்கவரி நிகழ்ச்சிகள் அந்த மாதக் கடைசியில் அவர்களுடைய நூலகத்திலிருந்து நீக்கப்படும் என்றது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட சீசன்கள் அந்தப் பட்டியலில் இருந்தன. எதிர்ப்பு கிளம்பியது, மாதம் முடிவதற்குள் ஒப்பந்தம் புதுப்பிக்கப்பட்டு, குறைந்தது 30 மாதங்களுக்குப் பார்க்கலாம் என்று சோனி அறிவித்தது. வாங்கிய பொருளுக்கு 30 மாத ஆயுள் தருவதைச் சலுகையாக அறிவிக்க வேண்டிய நிலை ஏன் வந்தது என்றுதான் கேட்க வேண்டும்.

இது புதிதும் இல்லை. 2009 ஜூலையில் ஜார்ஜ் ஆர்வெல்லின் '1984', 'விலங்குப் பண்ணை' ஆகிய நூல்களின் ஒரு பதிப்பை, வாங்கியவர்களின் கிண்டில் கருவிகளிலிருந்து அமேசான் தொலைவிலிருந்தே அழித்தது. அந்தப் பதிப்பை விற்றவருக்கு அமெரிக்காவில் அதற்கான உரிமை இல்லை என்பது காரணம். பணம் திரும்பி வந்தது. ஆனால் பாடத்துக்காக அந்த நூலைப் படித்துக் குறிப்பெழுதி வந்த பள்ளி மாணவர் ஒருவருக்குக் குறிப்புகள் பயனற்றுப் போயின; அவர் வழக்குத் தொடுத்தார். அமேசான் நிறுவனர் ஜெஃப் பெசோஸ் வெளிப்படையாக மன்னிப்புக் கேட்டார். 2019-இல் மைக்ரோசாஃப்ட் தன் மின்னூல் கடையை மூடியபோது, வாங்கிய நூல்கள் அனைத்தும் திறக்காமல் போயின. அங்கேயும் பணம் திருப்பித் தரப்பட்டது. ஓரங்களில் குறிப்பெழுதியிருந்தவர்களுக்குக் கூடுதலாக 25 டாலர் கணக்கில் வைத்தார்கள். ஒரு நூலுடன் ஒருவர் வைத்திருந்த உறவின் விலை 25 டாலர் என்று யாரோ உட்கார்ந்து முடிவு செய்திருக்கிறார்கள். எனக்கு அந்தத் தொகையைப் படிக்கும்போதெல்லாம் மனம் பொறுப்பதில்லை.

சட்டம் இதை எப்படி அனுமதிக்கிறது? 1908-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் ஒரு வழக்கு தீர்ந்தது. பாப்ஸ்-மெரில் என்ற பதிப்பகம், ஒரு நாவலை 1 டாலருக்குக் குறைவாக விற்கக் கூடாது என்று நூலிலேயே அச்சடித்திருந்தது. மேசீஸ் கடை 89 சென்ட்டுக்கு விற்றது. ஒரு பிரதியை விற்றுவிட்ட பிறகு அந்தப் பிரதியின் மேல் பதிப்பாளருக்கு அதிகாரம் இல்லை என்றது நீதிமன்றம். இந்தியப் பதிப்புரிமைச் சட்டமும் நூல்களைப் பொறுத்தவரை, ஏற்கெனவே புழக்கத்தில் உள்ள பிரதிகளைப் பதிப்பாளரின் பிடிக்கு வெளியே வைத்திருக்கிறது. சென்னை மூர் மார்க்கெட்டின் பழைய புத்தகக் கடைகள் யாரிடமும் அனுமதி கேட்காமல் நடப்பது இந்தக் கொள்கையால்தான்.

டிஜிட்டல் கோப்பு வந்ததும் இந்தக் கொள்கை ஓர் இயற்பியல் உண்மையில் போய் முட்டியது. புத்தகத்தை ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கைக்கு மாற்றலாம். கோப்பை அப்படி மாற்ற முடியாது. அனுப்புவது என்றால் அங்கே ஒரு புதுப் பிரதி உண்டாக்குவது. பிறகு இங்குள்ளதை அழிப்பது. ரீடிஜி என்ற நிறுவனம், காசு கொடுத்து வாங்கிய பாட்டுக் கோப்புகளை மறுவிற்பனை செய்ய வழிசெய்தது. அனுப்பும்போதே இங்குள்ளது அழியும்படி மென்பொருளையும் அமைத்திருந்தது. ஆனாலும் புதுப் பிரதி உண்டாவது உண்மை, பிரதியெடுக்கும் உரிமை பதிப்புரிமையாளருக்கே உரியது என்று 2018-இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஐரோப்பிய நீதிமன்றம் 2019-இல் மின்னூல்களுக்கும் இதே போன்ற முடிவுக்கு வந்தது.

பூட்டை உடைப்பது இன்னொரு கேள்வி. அமெரிக்காவின் 1998-ஆம் ஆண்டுச் சட்டப்படி, சில விலக்குகள் தவிர, உடைப்பதே சட்டமீறல். நம் நாட்டில் 2012 திருத்தத்தில் வந்த 65ஏ பிரிவு சற்றுக் கவனத்துடன் எழுதப்பட்டது. பதிப்புரிமையை மீறும் நோக்கத்துடன் உடைத்தால்தான் தண்டனை. 2 ஆண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு. நோக்கத்தைப் பார்க்கும் இந்த அணுகுமுறையே நியாயமானது என்பது என் கருத்து.

கலிஃபோர்னியா மாநிலம் வேறு வழியில் சென்றது. 2025 ஜனவரி முதல் அங்கே, திரும்பப் பெறக்கூடிய உரிமத்தை மட்டும் விற்கிறவர்கள் 'வாங்கு' என்று போட்டால், அது உரிமம்தான் என்பதைத் தெளிவாகச் சொல்லியாக வேண்டும். பொத்தானில் உண்மையை எழுதச் சொல்கிறது அந்தச் சட்டம். ஆனால் பூட்டு அப்படியேதான் இருக்கிறது.

இதுவரை சொன்னது நுகர்வோரின் இழப்பு. இன்னொரு இழப்பு இருக்கிறது. அது படைப்பின் இழப்பு. என்னை அதிகம் உறுத்துவது அதுதான்.

'கிரேட்டர்' என்ற படம் 2023 மே 12 அன்று டிஸ்னி பிளஸ்ஸில் வெளியானது. ஜூன் 30 அன்று நீக்கப்பட்டது. ஏழே வாரம். அதற்கு முந்தைய நவம்பரில் வந்த 'வில்லோ' தொடரும் அந்த மே மாதத்திலேயே போய்விட்டது. இரண்டும் டிஸ்னி தன் மேடைக்கென்றே எடுத்தவை. வெளியார் யாருடைய உரிமமும் தீர்ந்துவிடவில்லை. நீக்கியதற்குக் காரணம் கணக்குப் புத்தகம். அந்த ஆண்டு டிஸ்னி இப்படி நீக்கிய படைப்புகளின் மதிப்பாக 150 கோடி டாலருக்கு மேல் நஷ்டக் கணக்கில் எழுதியது. நஷ்டம் காட்டினால் வரியில் பலன் உண்டு; மேடையில் இருக்கும்வரை எழுத்தாளர்களுக்கும் நடிகர்களுக்கும் தர வேண்டிய தொடர் ஊதியமும் மிச்சம். ஒரு படத்தைச் சேமித்து வைக்கும் வன்தட்டுச் செலவு இந்தக் கணக்கில் பொருட்படுத்தத் தக்கதே அல்ல. 'கிரேட்டர்' சில மாதங்களில் தனி டிஜிட்டல் விற்பனைக்கு வந்தது, அதுவும் பூட்டுடன். 2022 ஆகஸ்டில் வார்னர் நிறுவனம் சுமார் 9 கோடி டாலர் செலவில் எடுத்த 'பேட்கேர்ள்' படத்தை வெளியிடாமலே கைவிட்டதும் இந்தக் கணக்கில்தான்.

நமக்கும் இது தூரத்து விஷயமில்லை. நயன்தாரா நடித்த 'அன்னபூரணி' 2023 டிசம்பர் இறுதியில் நெட்ஃபிளிக்ஸுக்கு வந்து, புகார்கள் எழுந்ததும் 2024 ஜனவரியில் நீக்கப்பட்டது. அந்தப் படத்தைப் பற்றி யாருக்கு எந்தக் கருத்து இருந்தாலும், நடந்த விதத்தைக் கவனிக்க வேண்டும். தியேட்டர் காலத்தில் ஒரு படத்தை நிறுத்த வேண்டுமென்றால் ஊர் ஊராகப் பெட்டியைத் திரும்பப் பெற வேண்டும். இப்போது ஒரு சர்வரில் ஒரு வரியை மாற்றினால் போதும்.

பழைய படங்களும் அழியத்தானே செய்தன என்று கேட்கலாம். அழிந்தன, பயங்கரமாக அழிந்தன. முதல் தமிழ்ப் பேசும் படமான 'காளிதாஸ்', 1931-இல் வந்தது. அதன் பிரதி ஒன்றுகூட இன்று இல்லை. அமெரிக்க மௌனப் படங்களை ஆராய்ந்து அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் 2013-இல் வெளியிட்ட அறிக்கைப்படி, 1912 முதல் 1929 வரை வந்த சுமார் 11,000 முழுநீளப் படங்களில் 14 விழுக்காடுதான் மூல 35 மி.மீ. வடிவில் முழுதாக எஞ்சியிருக்கிறது. நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றும், ஈரத்தில் சிதையும். அதில் உள்ள வெள்ளிக்காகவே உருக்கியவர்களும் உண்டு.

ஆனால் தப்பியவை எப்படித் தப்பின என்று பாருங்கள். முர்னாவின் 'நோஸ்ஃபெராட்டு', 1922. அனுமதியின்றித் தழுவப்பட்ட 'டிராகுலா' நாவலின் உரிமையாளர் வழக்கில் வென்று, எல்லாப் பிரதிகளையும் அழிக்க ஜெர்மன் நீதிமன்றம் உத்தரவிட்டது. அதற்குள் பிரதிகள் நாடு தாண்டிப் போயிருந்ததால் படம் இன்றும் இருக்கிறது. ஃபிரிட்ஸ் லாங்கின் 'மெட்ரோபோலிஸ்' 1927-இல் பெர்லினில் வெளியானதும் வெட்டிச் சுருக்கப்பட்டது. முழு வடிவம் போய்விட்டது என்றே எண்பது ஆண்டுகளாக நினைத்தார்கள். 2008-இல் அர்ஜென்டினாவின் புவெனஸ் ஐரிஸ் திரைப்பட அருங்காட்சியகத்தில் ஒரு 16 மி.மீ. பிரதி கிடைத்தது. விநியோகஸ்தர் ஒருவர் அங்கே கொண்டுபோன வெட்டாத பிரதி ஒரு விமர்சகரின் சேகரிப்புக்குப் போய், அதிலிருந்து பிறந்த பிரதி இது. பிபிசி 1960-களிலும் 70-களிலும் 'டாக்டர் ஹூ' தொடரின் பல நாடாக்களை அழித்துவிட்டது. அவற்றில் சில பகுதிகள் 2013-இல் நைஜீரியாவின் ஜோஸ் நகரத் தொலைக்காட்சி நிலையத்தில் கிடைத்ததாக அறிவிக்கப்பட்டது. படம் அழிந்த பகுதிகளுக்கும் ஒலி முழுவதும் இருக்கிறது. வீட்டில் தொலைக்காட்சி முன் டேப் ரெக்கார்டர் வைத்துப் பதிவு செய்த ரசிகர்கள் காப்பாற்றியது அது.

இந்தக் கதைகள் எல்லாவற்றிலும் உரிமையாளர் கைவிட்டார், அல்லது அழித்தார். காப்பாற்றியது அவர் கைக்கு எட்டாத இடத்தில் இருந்த ஒரு பிரதி.

இதில் உள்ள கணக்கு எளியது. ஒரு படத்துக்கு 100 பிரதிகள், 100 வெவ்வேறு இடங்களில் இருப்பதாக வைத்துக்கொள்வோம். 50 ஆண்டுக்குப் பிறகு ஒவ்வொன்றும் பிழைத்திருக்க வாய்ப்பு 10 விழுக்காடுதான் என்று மிக மோசமாகவே கணக்கிடுவோம். அப்போதும் நூறும் சேர்ந்து அழிவதற்கான வாய்ப்பு 0.9-ஐ நூறு முறை பெருக்கினால் வருவது, அதாவது ஏறக்குறைய 38,000-இல் ஒன்று. ஒவ்வொன்றாகப் பார்த்தால் நலிந்த பிரதிகள், சேர்ந்து நின்றால் படைப்பை ஏறக்குறைய அழியாததாக்கிவிடுகின்றன. ஆனால் இதற்கு ஒரு நிபந்தனை உண்டு. ஒரு பிரதிக்கு நேரும் விபத்து இன்னொன்றைத் தொடக் கூடாது. புவெனஸ் ஐரிஸில் மழை பெய்தால் பெர்லினில் ஈரம் ஏறாது. டிஆர்எம் இந்த நிபந்தனையைத்தான் உடைக்கிறது. கோடிக் கைபேசிகளில் கோப்பு இருந்தாலும், சாவி ஒரே இடத்திலிருந்து வருவதால், கணக்கின்படி அது ஒரே ஒரு பிரதி.

டிஸ்க்குகளும் நிரந்தரமில்லை என்பதை மறைக்க வேண்டியதில்லை. இங்கிலாந்தின் பிளாக்பர்னில் 1988 முதல் 1993 வரை அச்சான ஒரு தொகுதி சிடிகள், பூச்சுக் கோளாறால் பழுப்பேறிக் கெட்டன. 2000-களில் வார்னர் வெளியிட்ட டிவிடிகள் பல உள்ளுக்குள் சிதைந்து வருகின்றன. ஆனால் பூட்டில்லாத டிஜிட்டல் பிரதிக்குச் சுருளுக்கும் டிஸ்க்குக்கும் இல்லாத ஒரு வரம் உண்டு: எத்தனை தலைமுறை நகலெடுத்தாலும் தரம் குறையாது. மனிதர் கண்டுபிடித்த மிக நீண்ட ஆயுள் கொண்ட சேமிப்பு முறை அதுவாக இருந்திருக்கலாம். அதையே மிகக் குறுகிய ஆயுள் கொண்டதாக ஆக்கி வைத்திருக்கிறோம்.

நூலகர்கள் இந்தக் கணக்கை முன்பே உணர்ந்தார்கள். 1999-இல் ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தில் லாக்ஸ் என்ற திட்டம் தொடங்கியது. ஒரே ஆய்விதழின் பிரதியைப் பல நூலகங்கள் தனித்தனியே வைத்திருக்கும். கணினிகள் ஒன்றையொன்று அவ்வப்போது ஒப்பிட்டுப் பார்க்கும். ஒன்றில் சிதைவு கண்டால் மற்றவற்றிலிருந்து சரிசெய்யும். ஒருவரே எல்லாவற்றையும் வைத்திருந்தால் என்ன ஆகும் என்பதை மைஸ்பேஸ் என்ற சமூக வலைத்தளம் காட்டியது. 2003 முதல் 2015 வரை அதில் ஏற்றிய பாடல்கள், சர்வர் மாற்றத்தில் தொலைந்துவிட்டதாக 2019-இல் தெரியவந்தது. சுமார் 5 கோடிப் பாடல்கள்.

திருட்டுப் பிரதிகள்தான் காப்பாற்றும் என்று வாதிடுகிறவர்கள் உண்டு. நான் அவர்கள் பக்கம் இல்லை. வெளியான அன்றே இணையத்தில் படம் கசிந்து நொடித்துப்போன தயாரிப்பாளர்கள் தமிழ்த் திரையுலகில் ஏராளம். டிஆர்எம் உருவானதற்குக் காரணமே அந்த அச்சம்தான். ஆனால் முதல் சில ஆண்டு வருமானத்தைக் காப்பதற்கான பூட்டை என்றென்றைக்கும் மாட்டி வைப்பது எதற்கு? இசைத்துறை இதைக் கடந்து வந்தது. 2009-இல் ஆப்பிள் தன் ஐடியூன்ஸ் கடைப் பாடல்கள் அனைத்தையும் பூட்டில்லாமல் விற்கத் தொடங்கியது. அன்று வாங்கியவர்களின் பாட்டு இன்றும் எந்தக் கருவியிலும் ஒலிக்கிறது. இசை விற்பனையும் அதனால் அழிந்துவிடவில்லை.

தமிழில் இது அவசரமான கேள்வி. 'சூரரைப் போற்று' 2020 நவம்பரில் தியேட்டருக்கு வராமல் நேராக ஓடிடியில் வெளியாகி, நாட்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. அடுத்த ஆண்டு 'ஜெய் பீம்' வந்ததும் அப்படித்தான். இவற்றின் மூலப் பதிவுகள் தயாரிப்பாளரிடம் இருக்கும். ஆனால் ஊர்தோறும் சிதறிக் கிடக்கும் பிரதிகள் என்ற பழைய பாதுகாப்பு இவற்றுக்கு இல்லை. சிறிய தயாரிப்பாளர் எடுத்து, சில ஆண்டு ஒப்பந்தத்தில் ஓடி, ஒப்பந்தம் முடிந்ததும் எங்கும் கிடைக்காமல் போகும் படங்களின் கதி இதைவிட மோசம்.

1954-ஆம் ஆண்டு நூல் வழங்கல் சட்டப்படி, இந்தியாவில் வெளியாகும் ஒவ்வொரு நூலின் பிரதியையும் கொல்கத்தா தேசிய நூலகத்துக்கும், சென்னை கன்னிமரா உட்பட வேறு மூன்று நூலகங்களுக்கும் பதிப்பாளர் தன் செலவில் 30 நாளுக்குள் அனுப்ப வேண்டும். 1956-இல் செய்தித்தாள்களும் இதில் சேர்ந்தன. படங்களும் தொடர்களும் இன்றுவரை சேரவில்லை. பிரான்சில் நூல்களுக்கான இந்தக் கடமை 1537-இல் தொடங்கியது. 2006-இல் வலைத்தளங்கள் வரை விரிந்துவிட்டது. நம்மிடம் 1964 முதல் புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் இருக்கிறது, கன்னிமரா இருக்கிறது. இந்தியாவில் வெளியாகும் ஒவ்வொரு ஓடிடி படத்துக்கும் தொடருக்கும் பூட்டில்லாத ஒரு பிரதியாவது, பொதுப் பார்வைக்கு உடனே விடாமல், பாதுகாப்பாக வைக்க இவற்றுக்கு வந்து சேர வேண்டும். அதைச் சட்டமாக்கும்படி நம் நாடாளுமன்ற உறுப்பினர்களைக் கேட்போம். படம் எடுக்கிறவர்கள் சட்டத்துக்காகக் காத்திருக்க வேண்டாம். ஓடிடி ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் முன்பே, காப்பகத்துக்கு ஒரு பிரதி என்ற ஒரு வரியைச் சேர்க்கச் சொல்லுங்கள்.